ஒரு விரலுக்கு எத்தனை நாள்

ஷார்ஜாவுக்கு வந்து இரண்டே முக்கால் வருஷம் ஆகியும் கார்மேகத்தின் விசாவில் ‘ஹெல்பர்’ என்றுதான் இருந்தது. வேலை என்னவோ ஹெல்பர் வேலை இல்லை. இண்டஸ்ட்ரியல் ஏரியாவில் இருந்த அவருடைய கம்பெனி, கண்காட்சிகளுக்கும் அரும்பொருள் காட்சியகங்களுக்கும் அரங்கு அமைத்துக் கொடுக்கும் கம்பெனி. அங்கே மரம் அறுப்பார், கண்ணாடிப் பெட்டி பொருத்துவார், ஆளுயரப் பொம்மைகளுக்குக் கையும் தலையும் மாட்டுவார். யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை, பார்த்துப் பார்த்துப் பழகியதுதான்.

அதற்கு முன்னால் பதினோரு வருஷம் மாட்டுத் தரகு. மேலூர்ச் சந்தையில் அவரைத் தெரியாத ஆள் இல்லை. மணப்பாறைக்கும் போவார். மாட்டின் வாயைத் திறந்து பல்லைப் பார்த்த மாத்திரத்தில் வயது சொல்வார். வாங்குகிறவன் முகத்தைப் பார்த்து, அவன் எதுவரைக்கும் ஏறுவான் என்பதையும் ஓரளவு சொல்லிவிடுவார். நாற்பது வயதில் விசா வந்தது, ஏறி வந்துவிட்டார். அதைப் பற்றி அவர் பெரிதாகப் பேசிக்கொள்வதில்லை.

2007 பிப்ரவரியில் ஒரு வெள்ளிக்கிழமை கனகா போனில் சொன்னாள்.

“கெர்ப்பப்பைய எடுத்தே ஆகணும்னு டாக்டரம்மா சொல்லிருச்சு. பெரியாஸ்பத்திரியில தேதி போட்டுட்டாங்க. மார்ச் பன்னெண்டு, திங்கக்கெழம.”

“சரி.”

“என்ன சரி? நாப்பது நாளைக்கு ஒரு கொடம் தண்ணி தூக்கப்பிடாதாம். குனியப்பிடாதாம். நாகஜோதிக்குப் பத்தாவது பரீச்ச. அவளப் படிக்கச் சொல்றதா, தண்ணிக்குப் போகச் சொல்றதா?”

தெருக்குழாய் வீட்டிலிருந்து நானூறு அடி. ஒரு நாளைக்குப் பன்னிரண்டு குடமாவது வேண்டும். கனகாவுக்குக் கூடப்பிறந்தவர்கள் யாரும் இல்லை. கார்மேகத்தின் அம்மாவும் போய்ச் சேர்ந்துவிட்டாள்.

“நான் வர்றேன்,” என்றார் கார்மேகம்.

“விடுவாங்களா?”

“விடாம என்ன.”

சொல்லிவிட்டார். ஆனால் ஒர்க்‌ஷாப் பலகையில் அந்த வாரம்தான் நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். தோஹாவில் எடுத்திருக்கும் வேலை முடியும்வரை, அதாவது ஜூன் கடைசிவரை, பதினான்கு பேரில் யாருக்கும் லீவு இல்லை. சைட் இன்ஜினீயர் ரகுநாதன் அதைத் தமிழிலும் ஹிந்தியிலும் படித்துக் காட்டினார். பெயின்டர் ஜெயசீலன் தம்பி கல்யாணத்துக்கென்று பத்து நாள் கேட்டுப் பார்த்தான், கிடைக்கவில்லை. ஒருத்தனுக்குக் கொடுத்தால் பதினான்கு பேருக்கும் கொடுக்க வேண்டும் என்பது ரகுநாதனின் வாதம். கேட்டவர்களுக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. அதனால் கார்மேகம் வாயைத் திறக்கவில்லை. கையில் இருந்த வேலை மார்ச் ஐந்தாம் தேதி முடிகிறது. முடித்துக் கொடுத்தபின் தனியாக ஆளைப் பிடித்துக் கேட்கலாம் என்று மனசுக்குள் வைத்துக்கொண்டார்.

அந்த வேலை, ஷார்ஜா கடற்கரைச் சாலையில் ஒரு தனியார் காட்சியகம். ஐரோப்பியர் வளைகுடாவுக்கு வந்த கதையை அதில் காட்டப்போகிறார்கள். முதலில் போர்த்துகீசியர், அடுத்து டச்சுக்காரர், அப்புறம் இங்கிலீஷ்காரர். கப்பல், பீரங்கி, வரைபடம், மிளகு மூட்டை. எல்லாவற்றையும் வடிவமைத்தவர் அன்னெகே என்ற ஹாலந்துக்காரப் பெண். ஐம்பது வயதிருக்கும். எந்நேரமும் கழுத்தில் இரண்டு கண்ணாடிகள் தொங்கும். ஜெயசீலன் அவரை ‘அன்னக்கா’ என்று கூப்பிடப் போக எல்லோரும் அப்படியே கூப்பிட ஆரம்பித்தார்கள். இந்த ஊரில் தன் பெயரைச் சரியாக உச்சரிக்கிறவர்கள் இவர்கள்தான் என்று அவர் சந்தோஷப்பட்டார்.

ஏழாவது காட்சி முத்து வியாபாரம். டச்சுக் கம்பெனி இதே வளைகுடாவில், ஈரான் பக்கமிருக்கும் கார்க் தீவில் கோட்டை வைத்திருந்த காலம். தொப்பி போட்ட டச்சு வியாபாரி ஒருவன் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறான். பாயில் ஓர் அரபு முத்து வியாபாரி. இருவருடைய வலது கையும் ஒரே துணிக்கடியில் இருக்கின்றன. பின்னால் ஓர் இந்தியத் தரகன், தலைப்பாகையோடு கை கட்டி நிற்கிறான். விரலைப் பிடித்து விலை பேசுகிற பழக்கத்தைக் காட்டுகிற காட்சி. சுற்றி நிற்கிறவனுக்கு விலை தெரியாது, கையைக் கொடுத்த இருவருக்கு மட்டும்தான் தெரியும்.

கைகளை மாட்டி, துணியைப் போர்த்தி, எட்ட நின்று பார்த்த கார்மேகத்துக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

“சார், இவுங்க கை குலுக்குறாங்களா, யாவாரம் பேசுறாங்களா?”

“யாவாரம்தான். ஏன்யா?” என்றார் ரகுநாதன்.

“அப்ப இப்படி இருக்காது சார்.”

“துணி மூடியிருக்குல்ல. உள்ள யாரு எட்டிப் பாக்கப் போறா?”

“துணியே காட்டிக்குடுத்துரும் சார். வெரலப் பிடிச்சா துணி ஒரு பக்கமா ஏறும், எறங்கும். இது நடுவுல பணியாரம் மாதிரி உப்பிக்கிட்டு நிக்கிது. சந்த தெரிஞ்ச எவன் பாத்தாலும் சிரிப்பான். அதுபோக நாக்காலியில ஒருத்தன், தரையில ஒருத்தன். இப்படி ஒக்காந்தா வெரலு எப்படி சார் பேசும்?”

அன்னெகே பின்னால் வந்து நின்றார். என்ன சொல்கிறார் என்று கேட்டார்.

“துணி சரியில்லை என்கிறான்,” என்று ரகுநாதன் ஆங்கிலத்தில் சொன்னார்.

“அவர் பேசியது அதைவிட நீளமாக இருந்ததே?”

ரகுநாதன் இன்னொரு வாக்கியம் சேர்த்துக்கொண்டார். அன்னெகே அவரை நம்பாமல் நேரே கார்மேகத்தின் முன்னால் வந்து வலது கையை நீட்டினார். செய்து காட்டு என்று அர்த்தம். கார்மேகத்துக்கு வியர்த்துவிட்டது.

“அண்ணே, அன்னக்கா கையவா பிடிக்கப் போறிய? மேலூருக்கு ஒரு போனப் போட்டு அண்ணிகிட்ட உத்தரவு வாங்கட்டுமா?” என்றான் ஜெயசீலன். அவன் தூத்துக்குடிப் பக்கம். வாய் சும்மா இருக்காது.

நல்ல வேளையாக அப்போது கேட் பாஸ்களைக் கொடுப்பதற்கு சித்தீக் பாய் உள்ளே வந்தார். முகம்மது சித்தீக் கம்பெனியின் பி.ஆர்.ஓ. லேபர் கார்டு, விசா, பாஸ்போர்ட், லீவு பாரம் எல்லாம் அவர் மேசையில்தான். கீழக்கரைக்காரர். இருபத்தாறு வருஷமாக வளைகுடாவில் இருக்கிறார். அரபி, ஆங்கிலம், ஹிந்தி, மலையாளம் எல்லாம் தண்ணீர் பட்ட பாடு.

“பாய், கொஞ்சம் கையக் குடுங்க,” என்று கார்மேகம் தோள் துண்டை எடுத்தார்.

விஷயத்தைக் கேட்ட சித்தீக் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டார். “மாட்டுக் கையாக்கும்? எங்க வாப்பா முத்தும் சங்கும் யாவாரம் பண்ணினவங்க ஓய். நான் பதினஞ்சு வயசுலயே துணிக்குள்ள கை விட்டவன். வாங்க பாப்போம். சரக்கு எது?”

சரக்காக ரகுநாதனின் மஞ்சள் ஹெல்மெட்டை நடுவில் வைத்தார்கள்.

இருவரும் தரையில் எதிரெதிரே சம்மணமிட்டு உட்கார்ந்தார்கள். துண்டு விழுந்தது. கார்மேகத்தின் குரலே மாறிவிட்டது.

“பாருங்க, நாலு பல்லு. சுழி சுத்தம். ஏருக்கும் ஆகும், வண்டிக்கும் ஆகும்.”

“மண்ட காலியா இருக்கே?”

“காலியா இருந்தாத்தான் பாய் சொன்னத கேக்கும்.”

ரகுநாதனைத் தவிர எல்லோரும் சிரித்தார்கள். வாய் இப்படிப் பேசிக்கொண்டிருக்க, துண்டு இடப்பக்கம் ஏறியது, இறங்கியது, ஒரு நொடி அசையாமல் நின்றது. சித்தீக் தலையை ஆட்டினார். கார்மேகம் “அடப் போங்க பாய்” என்று கையை உருவுவதுபோல் செய்து உருவாமல் நின்றார். கடைசியில் உள்ளங்கையில் ஒரு தட்டுச் சத்தம். கை வெளியே வந்தது. முடிந்தது வியாபாரம்.

“என்ன விலை?” என்றார் அன்னெகே.

“அதைச் சொல்லக் கூடாது. மூணாவது ஆளுக்குச் சொன்னால் வியாபாரம் கெட்டுப்போகும்,” என்று சித்தீக் ஒரு சொல் விடாமல் ஆங்கிலத்தில் சொன்னார். அவரும் கார்மேகமும்கூட விலையை வாய்விட்டுச் சொல்லிச் சரிபார்த்துக்கொள்ளவில்லை. தட்டியாயிற்று, அதற்குமேல் கேட்பது மரியாதை இல்லை.

அப்புறம் கார்மேகம் சொல்லச் சொல்ல சித்தீக் மொழிபெயர்த்தார். வெளியூரிலிருந்து வந்தவன் தன் கையைத் துணிக்குள் விடவே மாட்டான். விட்டால் ஏமாந்துபோவான். அவனுக்காக அவனுடைய தரகன்தான் கையைக் கொடுப்பான். ஆகவே பின்னால் நிற்கிற தரகன் பாயில் வந்து உட்கார வேண்டும்.

“டச்சுக்காரன்?” என்றார் அன்னெகே.

“அவரு பாட்டுக்கு நாக்காலியிலயே இருக்கட்டும். உள்ள என்ன நடக்குதுன்னு தெரியாம துணியவே பாத்துக்கிட்டு இருக்கட்டும்.”

இதைக் கேட்டு அன்னெகே வாய்விட்டுச் சிரித்தார். அந்தக் காலத்துக் கம்பெனிக்காரர்களின் காகிதங்களைப் பல வருஷம் படித்தவர் அவர். தரகர்களைப் பற்றி அவற்றில் ஒரே புலம்பலாம். தரகன் இல்லாமல் ஒரு கட்டுத் துணிகூட விற்க முடியாது. தரகன் என்ன பேசினான் என்பதோ தெரியாது. சந்தேகப்பட்டுக்கொண்டே அவன் சொன்ன விலைக்குக் கையெழுத்துப் போட வேண்டியதுதான். தமிழ்க் கரையில் வாங்கிய துணியை வளைகுடாவில் விற்றதும், இங்கிருந்து முத்து வாங்கிப் போனதும் இப்படித்தான்.

“காட்சியை மாற்றுங்கள்,” என்றார்.

ரகுநாதன் தலையில் கை வைத்துக்கொண்டார். நிற்கிற பொம்மைக்கு முட்டியே இல்லை. ஒரே வார்ப்பு. அதை உட்கார வைப்பதென்றால் தொடையில் அறுக்க வேண்டும், கம்பி வைத்து மடக்க வேண்டும், பிளாஸ்டர் பூசிக் காயவிட வேண்டும், விரல்களைப் புதிதாக வார்க்க வேண்டும்.

அன்னெகே அந்தப் பக்கம் போனதும் அவர் கார்மேகத்திடம் வந்தார். “உன் வாய் சும்மா இருக்காதா? நாலு நாள் போச்சு. அஞ்சாம் தேதி இல்ல, இனி ஒம்பதாம் தேதிதான் ஹேண்ட் ஓவர். யார் கேட்டா உன்கிட்ட? நீயே அறு. நீயே ஒட்டு.”

அப்போதுதான் கார்மேகத்துக்கு உறைத்தது. ஒன்பதாம் தேதி வேலை முடிந்தால் பத்தாம் தேதி விமானம் ஏறியாக வேண்டும். முடித்துக் கொடுத்துவிட்டுக் கேட்கலாம் என்று நினைத்திருந்த இடைவெளி போய்விட்டது. இப்போதே கேட்க வேண்டும். யாரிடம், எப்படி?

மூன்று நாள் தரகனின் காலை அறுத்துக்கொண்டே யோசித்தார். சித்தீக் பாயிடம் போய்க் கேட்கலாம் என்றால் அவர் தனியாக இருக்கும் நேரமே கிடையாது. மேசையைச் சுற்றி எப்போதும் பத்துப் பேர். தொழிலாளர்கள் தங்கும் கேம்ப்புக்கு வந்தாலும் அப்படித்தான். போனில் பேசலாம், ஆனால் ஒரு ரூமில் எட்டுப் பேர், ஆளுக்கொரு காது. லீவு என்ற சொல் வாயிலிருந்து விழுந்தால் அடுத்த நிமிஷம் ஜெயசீலன், “அண்ணனுக்கு மட்டும் எப்படி?” என்று நிற்பான். அவன் நிற்பதிலும் தப்பில்லை.

மார்ச் முதல் தேதி மத்தியானம், காட்சியகத்தின் பின்புறம் கன்டெய்னர் கேபினில் எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். சித்தீக் லேபர் கார்டு பாரங்களில் கையெழுத்து வாங்க வந்து பெஞ்சில் உட்கார்ந்தார். கார்மேகம் கையைக் கழுவிவிட்டு வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தார். துண்டை உதறி மடியில் போட்டுக்கொண்டார்.

“பாய், பத்தாம் தேதிக்கு மேல ஊருப் பக்கம் போனா வெயிலு எப்படி இருக்கும்?”

சித்தீக் பாரத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “யாரு போறா?”

“எனக்குத் தெரிஞ்ச ஒருத்தரு.”

சித்தீக்கின் பேனா நின்றது. துண்டைப் பார்த்தார். கார்மேகத்தின் முகத்தைப் பார்த்தார். அப்புறம் இடது கையால் பாரங்களை ஓரமாக ஒதுக்கிவிட்டு, வலது கையை ஒன்றும் தெரியாததுபோல் துண்டுக்குள் நுழைத்தார்.

“வெயிலு என்னா வெயிலு. அங்கயும் அதே சூரியன்தானே,” என்றார் சத்தமாக.

கார்மேகம் அவருடைய நான்கு விரல்களையும் சேர்த்துப் பிடித்தார்.

“இந்த வெள்ளிக்கிழம பிரியாணி போடுறாங்களாமே கேம்ப்புல?” என்றார் சித்தீக். உள்ளே கார்மேகத்தின் இரண்டு விரல்களைப் பிடித்து அழுத்தினார்.

“பிரியாணின்னு பேருதான் பாய். எலும்ப எண்ணி நாலு பீசு.” மறுபடியும் நான்கு விரல்.

“நாலெல்லாம் எங்க? மூணு போட்டாப் பெருசு.” மூன்று விரல்.

“நம்ம ரூம்புக்கு மூணுதான் வந்துச்சு போன தடவ,” என்று ஜெயசீலன் வாயில் சோற்றோடு சேர்ந்துகொண்டான்.

கார்மேகம் நான்கு விரலைப் பிடித்தபடியே பிடியை விடாமல் வைத்திருந்தார். சந்தையில் அப்படிப் பிடித்தால், இதற்குமேல் ஒரு காசு இறங்கமாட்டேன் என்று பொருள். சித்தீக் கூரையைப் பார்த்து ஒரு நிமிஷம் யோசித்தார். அப்புறம் உள்ளங்கையில் தட்டினார்.

“சரி, நாலே இருக்கட்டும். மேனேஜர்கிட்ட சொல்லி வைக்கிறேன்.”

“என்ன பாய், பிரியாணிக்கா?” என்றான் ஜெயசீலன்.

“ஆமாப்பா, பிரியாணிக்குத்தான்.”

அன்று சாயங்காலம் கார்மேகம் கனகாவுக்குப் போன் போட்டு, நாற்பது நாள் கிடைத்துவிட்டது என்று சொன்னார். அவள் நம்பாமல் மூன்று தடவை கேட்டாள்.

ஆறாம் தேதி லேபர் கார்டுக்குள் மடித்து வைத்து பாரம் வந்தது. மேனேஜர் கையெழுத்துப் போட்டிருந்தார். போகும் தேதி மார்ச் பத்து. திரும்பும் தேதி ஏப்ரல் ஏழு. கார்மேகம் கணக்குப் போட்டுப் பார்த்தார். மறுபடியும் போட்டுப் பார்த்தார். பிளாஸ்டர் அப்பிய கையோடு ஒர்க்‌ஷாப் ஆபீசுக்கு நடந்தார். பிற்பகல் அசர் தொழுகை முடிந்து சித்தீக் அப்போதுதான் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். அதிசயமாக வேறு ஆள் இல்லை.

“பாய், இதுல இருவத்தெட்டு நாளுதான இருக்கு?”

“ஆமா. நாலு வெரலு. நாலு வாரம்.”

“வாரமா?” கார்மேகத்துக்குக் குரல் ஏறிவிட்டது. “வெரலுக்குப் பத்து பாய்! எந்த ஊருச் சந்தையில வெரலுக்கு ஏழு?”

சித்தீக் முதலில் சிரித்தார். எதிரில் நிற்கிறவர் சிரிக்காததைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். “முத்துல வெரலுக்கு இத்தனன்னு கிடையாது ஓய். சரக்கப் பாத்தாலே ரெண்டு பேருக்கும் தெரிஞ்சிரும், இது நூறா, ஆயிரமான்னு.”

“மாட்டுக்கும் அதே கததான் பாய்.”

“அப்ப லீவுக்கு?”

ஆபீசில் லீவு, டியூட்டி, ரோஸ்டர் எல்லாவற்றையும் வாரக் கணக்கில் போட்டுப் போட்டு சித்தீக்குக் கை தானாக வாரத்தைப் பிடித்திருக்கிறது. கார்மேகத்தின் கை பத்தைப் பிடித்திருக்கிறது. விரலுக்கு என்ன என்று கேட்க இருவருக்கும் தோன்றவில்லை.

“தட்டினது தட்டினதுதான்,” என்றார் சித்தீக் மெதுவாக. “நான் இல்லைங்கல. ஆனா மேனேஜர் சைன் போட்டாச்சு, கலாஸ், முடிஞ்சிருச்சு. தப்புல பாதி என் பேருல இருக்கு. பன்னெண்டு நாளு வித்தியாசம். அதுல பாதி, ஆறு நாளு, கூட்டிக் கேக்கவா?”

“ஆறு நாளக் கூட்டி என்ன பாய் பண்றது? மிச்ச நாளைக்கு யாரு கொடம் தூக்குறது?”

சொன்ன பிறகுதான் சொல்லிவிட்டது தெரிந்தது.

“என்னா கொடம்?”

கார்மேகம் ஜன்னலைப் பார்த்துக்கொண்டு சொன்னார். ஆபரேஷன், தேதி, தெருக்குழாய், நாகஜோதியின் பரீட்சை. கர்ப்பப்பை என்ற சொல்லை மட்டும் அவரால் சொல்ல முடியவில்லை. “பொம்பள வியாதி” என்றார்.

“வீடு கட்ட ஆரம்பிச்சிருக்கீங்க, அதப் பாக்கப் போறீங்கன்னுல்ல நான் நெனச்சேன். இத அன்னைக்கே வாயால சொல்லியிருக்கலாமே?”

“பதினாலு பேரு இருந்தாங்க பாய். அதுவுமில்லாம, துண்டு போட்டாச்சுன்னா எதுக்குன்னு சொல்லக் கூடாதுல்ல. விக்கிறவன் எதுக்கு விக்கிறான்னு சொன்னா வெல எறங்கிரும்.”

சித்தீக் மேசை மேலிருந்த பாஸ்போர்ட்டுகளை அடுக்கினார். அடுக்கியதையே கலைத்து மறுபடியும் அடுக்கினார்.

“எங்க வீட்லயும் இதே ஆபரேஷன்தான். ராம்நாட்டுல. நாலு வருஷம் ஆச்சு. நான் எட்டு நாளு போயிட்டு வந்தேன்.”

“தண்ணி யாரு பாய் தூக்குனா?”

“ஜுலைஹாதான்,” என்று மனைவியின் பெயரைச் சொன்னார் சித்தீக். “அவளேதான்.”

பாரத்தை எடுத்து இரண்டாகக் கிழித்தார். புதுப் பாரத்தை டைப்ரைட்டரில் செருகினார். தட்டிக்கொண்டே சொன்னார். “இந்தத் தடவ துண்டும் கிடையாது, வெரலும் கிடையாது. வாயாலயே சொல்றேன், கேட்டுக்குங்க. ஆறு வாரம். நாப்பத்திரெண்டு நாளு. சும்மா தரமாட்டாரு நம்ம மேனேஜரு, லெபனான்காரரு. திரும்பி வந்தா நேரா தோஹா. கோட முழுக்க அங்கதான். அடுத்த வருஷ லீவு கிடையாது. அப்புறம், ஏன் உங்களுக்கு மட்டும்னு கேக்குறவங்களுக்கு ஒரு பதிலு வேணும்னு கேப்பாரு. அதையும் நான் சொல்லியாகணும். சம்மதமா?”

“என்ன பதிலு?”

“உள்ளதுதான். ஆபரேஷன்.”

கார்மேகம் தன் கையைப் பார்த்தார். பிளாஸ்டர் காய்ந்து விரல்களுக்கிடையே வெடித்திருந்தது. “சொல்லுங்க,” என்றார்.

சித்தீக் மேனேஜர் அறைக்குள் போய் இருபது நிமிஷம் அரபியில் பேசினார். இடையில் ரகுநாதனைக் கூப்பிட்டார்கள். ரகுநாதன் உள்ளே போனபோது இருந்த முகம் வெளியே வரும்போது இல்லை. “ஒம்பதாம் தேதிக்குள்ள அந்தத் தரகன் பாய்ல உக்காந்திருக்கணும். அத முடிச்சிட்டு நீ கெளம்பு,” என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் பலகையில் பழைய நோட்டீசுக்குக் கீழே ஒரு வரி கூடியிருந்தது. கார்மேகத்தின் பெயர், நம்பர், நாற்பத்திரண்டு நாள், மனைவிக்கு அறுவைச் சிகிச்சை. காலையில் எல்லோரும் பஸ்ஸுக்கு நிற்கும்போது அதைப் படித்தார்கள். கார்மேகம் தள்ளி நின்று செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஜெயசீலன் பலகையை விட்டு நேரே அவரிடம் வந்தான்.

“மதுரப் பெரியாஸ்பத்திரியாண்ணே?”

“ஆமா.”

“நம்ம மச்சான் அங்க ஆரப்பாளையத்துல இருக்கான். நம்பர் தாரேன். ரத்தம் கித்தம் வேணும்னா அவனக் கூப்பிடுங்க, ஆளக் கூட்டிட்டு வந்துருவான்.” அப்புறம், “அன்னைக்கு பிரியாணிங்கிய, நாலு பீசுங்கிய. எனக்கு அப்பவே டவுட்டு,” என்றான்.

ஒன்பதாம் தேதி பத்து மணிக்கெல்லாம் தரகன் பாயில் உட்கார்ந்துவிட்டான். அறுத்த தொடையை வேட்டி மூடிக்கொண்டது. அவன் கையும் முத்து வியாபாரியின் கையும் துணிக்குள் இருந்தன. துணி ஒரு பக்கமாக ஏறி மறுபக்கம் சரிந்திருந்தது. டச்சுக்காரன் நாற்காலியில் முன்னால் சாய்ந்து அதையே பார்த்துக்கொண்டிருந்தான். அன்னெகே இரண்டு கண்ணாடிகளையும் மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தார். துணியைத் தூக்கி உள்ளேயும் பார்த்தார். மூன்று விரல்.

“இது எவ்வளவு?” என்று சித்தீக் மூலமாகக் கேட்டார்.

“மொதல்ல அவங்க ரெண்டு பேரும் ஒரு வெரலுக்கு எவ்வளவுன்னு பேசியிருக்காங்களான்னு கேக்கணும்,” என்றார் கார்மேகம்.

சித்தீக் இதை உடனே மொழிபெயர்க்கவில்லை. சிரித்து முடித்த பிறகுதான் சொன்னார். அன்னெகே அதைத் தன் நோட்டில் எழுதிக்கொண்டார்.

பத்தாம் தேதி இரவு திருச்சியில் இறங்கி, பதினொன்றாம் தேதி மத்தியானம் கார்மேகம் பெரியாஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தார். கனகா வார்டில் ஜன்னலோரக் கட்டிலில் இருந்தாள். மெலிந்திருந்தாள். நாகஜோதி கீழே பாயில் உட்கார்ந்து சமூக அறிவியல் படித்துக்கொண்டிருந்தாள். ஐரோப்பியர் வருகை என்ற பாடம். அப்பாவைப் பார்த்ததும் புத்தகத்தை மூடினாள்.

“நீ படிம்மா,” என்றார்.

“எத்தன நாளு?” என்றாள் கனகா. வந்தவரை வா என்றுகூடச் சொல்லவில்லை.

“நாப்பத்திரெண்டு.”

“பொய் சொல்லாத. போன்ல நாப்பதுன்னுதான சொன்ன?”

“ரெண்டு கூட வந்துருச்சு.”

“எங்க, டிக்கெட்டக் காட்டு.”

சட்டைப் பையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். அவள் அதை நாகஜோதியிடம் கொடுத்தாள். நாகஜோதி திரும்பும் தேதியைப் படித்தாள், விரல்விட்டு எண்ணினாள், சரிதான் என்றாள்.

கனகா டிக்கெட்டை வாங்கித் தலையணைக்கடியில் வைத்துக்கொண்டாள். “நாப்பத்திரெண்டு நாளு நீ வீட்ல இருந்தா நான் என்னய்யா பண்ணுவேன்? எதையாவது அறுத்துக்கிட்டு, ஆணி அடிச்சுக்கிட்டு இருப்ப,” என்றாள். அப்புறம், தண்ணீர் விடியற்காலை ஐந்தரைக்கு வரும் என்றும், குழாயடியில் வரிசையில் நின்றுதான் பிடிக்க வேண்டும் என்றும், மூன்றாவது வீட்டுக்காரி முந்தப் பார்ப்பாள், விட்டுக்கொடுத்துவிடக் கூடாது என்றும் சொல்லிக்கொண்டே போனாள்.

கார்மேகம் எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். மறுநாள் காலை ஏழு மணிக்கு அவளை ஆபரேஷன் தியேட்டருக்குள் கொண்டுபோனார்கள்.